முட்டை இல்லாத ஐந்து இதயங்கள்

வேளச்சேரி நூறடிச் சாலையில் விற்கும் வாஃபிளைப் பற்றி இரண்டு பொய்கள் புழங்குகின்றன. அது பெல்ஜியத்துப் பண்டம் என்பது ஒன்று. அதில் முட்டை சேராதது ஒரு மேன்மை என்பது மற்றொன்று. முதற்பொய்யால் எவருக்கும் நட்டமில்லை. கோபி மஞ்சூரியனுக்கும் மஞ்சூரியாவுக்கும் என்ன உறவோ அதுதான் இதற்கும் பிரஸ்ஸல்ஸுக்கும். இரண்டாவது அத்தனை அப்பாவித்தனமானதல்ல. 'நூறு சதம் எக்லெஸ்' என்று கொட்டை எழுத்தில் எழுதிவைக்கும் கடை, பண்டத்தின் சேர்மானத்தை மட்டும் சொல்லவில்லை. யாருடைய நாக்கை இந்த நகரம் அளவுகோலாகக் கொள்ள வேண்டும் என்பதையும் சேர்த்தே சொல்கிறது.

ஒரு தின்பண்டத்துக்கு இத்தனை கோபம் தேவையா என்று நண்பர்கள் கேட்கிறார்கள். தேவை என்பதே என் கட்சி. அதை நிறுவ நார்வே நாட்டு வாஃபிளை எடுத்துக்கொள்கிறேன். பல ஆண்டுகளாக வேளச்சேரியில் என் வீட்டு அடுக்களையில் அதைச் சுட்டுவருகிறேன் என்பது ஒரு காரணம். கடைவாஃபிள் எவையெல்லாம் இல்லையோ அவையெல்லாம் அதுவாக இருக்கிறது என்பது இன்னொன்று.

நார்வேயில் வாஃபிள் முதன்மையாக வீட்டுப் பண்டம். தட்டையானது, மெத்தென்றிருப்பது, ஐந்து இதயங்கள் நுனி கூடி ஒரு பூவாக அமைந்த வட்டம். மொறுமொறுப்பு அங்கே குணமல்ல. வாஃபிளை இரண்டாக மடித்தால் அது முறியாமல் வளைய வேண்டும். புளித்த பாலேடும் ஸ்ட்ராபெரி ஜாமும் தடவுவார்கள், அல்லது பழுப்பு நிறப் பாலாடைக்கட்டியை மெல்லிய சீவலாக வைத்து மடித்துக் கையால் உண்பார்கள். சாக்லேட் குழம்பை அதன் தலையில் அபிஷேகம் செய்யும் வழக்கம் அங்கே மரபில் இல்லை.

அதைவிட முக்கியமானது, அது யாருக்காகச் சுடப்படுகிறது என்பது. அந்நாட்டில் 'டுக்னாட்' என்றொரு சொல் உண்டு. ஊர் கூடித் தேர் இழுப்பது என்று நாம் சொல்வதற்கு மிக அருகில் வரும் சொல். பள்ளிக்கு வேலி அடைக்க வேண்டும், குடியிருப்பின் முற்றத்தைத் துப்புரவாக்க வேண்டும், பிள்ளைகளின் காற்பந்துக் குழுவுக்குப் பணம் திரட்ட வேண்டும் என்றால் கூலியின்றிக் கூடி உழைப்பார்கள். அங்கே ஒரு மேசையும் வாஃபிள் இரும்பும் ஒரு பெரிய வாளி மாவும் இருக்கும். 1814இல் அரசியல் சாசனம் கையெழுத்தான மே 17ஆம் நாளைக் கொண்டாடும்போதும் இதே காட்சிதான். கடலோடிகளுக்காக 1864இல் தொடங்கப்பட்ட நார்வீஜிய மாலுமிகள் திருச்சபை உலகின் பல துறைமுகங்களில் இல்லம் நடத்தியது. இறை நம்பிக்கை உள்ளவரோ இல்லாதவரோ, உள்ளே வந்தவருக்கு அங்கே கிடைப்பது காப்பியும் வாஃபிளும்.

தமிழர்களுக்கு இது முற்றிலும் அந்நியமான மேசையல்ல. 1956இல் யாழ்ப்பாணத்திலிருந்து அன்ரனி ராஜேந்திரம் நார்வே சென்றார். நார்வேயின் தமிழ்க் குடியேற்ற வரலாறு அவரிலிருந்து தொடங்குவதாகவே எழுதப்படுகிறது. பின்னர் மாணவர்களாகவும், 1983க்குப் பிறகு அகதிகளாகவும் பலர் சென்றனர். வடகோடியின் மீன் பதனிடும் ஆலைகளில் உறைபனியில் நின்று உழைத்தனர். பிள்ளையைக் காற்பந்துக் குழுவில் சேர்த்த எந்தப் பெற்றோரும் அந்நாட்டில் வாஃபிள் இரும்பின் முன்னால் ஒரு முறையாவது நிற்காமல் தப்ப முடியாது. தமிழ்ப் பெற்றோர் மட்டும் அதற்கு விலக்கா என்ன? வந்தேறிகளையும் சேர்த்துக்கொள்ளும் மேசை அது. இதை மனத்தில் இருத்திக்கொண்டால் மேற்கொண்டு நான் சொல்வது விளங்கும்.

இனி செய்முறை. செய்முறை சொல்லாமல் உணவைப் பற்றிக் கோட்பாடு பேசுவது நம் சூழலின் பழைய நோய்.

மைதா 300 கிராம், சர்க்கரை 100 கிராம், முட்டை ஐந்து, பாலும் மோரும் சேர்ந்து அரை லிட்டர், உருக்கிய வெண்ணெய் 125 கிராம், பேக்கிங் பவுடர் ஒரு தேக்கரண்டி, உப்பு ஒரு சிட்டிகை, அப்போதே பொடித்த ஏலக்காய் ஒரு தேக்கரண்டி. (மைதா விஷம் என்று வாதாட வருபவர்கள் பரோட்டாவைப் பற்றித் தனிக் கட்டுரை எழுதிக்கொள்ளலாம்.) ஏலக்காயைப் பார்த்துப் பலர் வியக்கிறார்கள். இது நாம் செய்த ஒட்டுவேலை அல்ல. வடநாட்டார் ரொட்டியிலும் பன்னிலும் வாஃபிளிலும் ஏலம் சேர்ப்பது நீண்ட கால வழக்கம். இன்று உலகில் ஏலம் அதிகம் விளைவிக்கும் நாடு குவாத்தமாலா என்றாலும், அதன் பூர்வீகம் நம் மேற்குத் தொடர்ச்சி மலைதான். போடிநாயக்கனூரில் ஏலம் விடப்படும் ஏலத்தை ஆஸ்லோவின் பாட்டியும் வேளச்சேரியின் பாட்டியும் ஒரே காரணத்துக்காக இடிக்கிறார்கள்: இனிப்புக்கு மணம் வேண்டும்.

முட்டையையும் சர்க்கரையையும் நுரைக்க அடித்து, மாவையும் பாலையும் மாற்றி மாற்றிச் சேர்த்துக் கட்டியில்லாமல் கலக்கி, ஆறிய வெண்ணெயைக் கடைசியாக ஊற்ற வேண்டும். பிறகு அரை மணி நேரம் மாவைத் தொடக்கூடாது. இது தோசை மாவைப் போலப் புளிப்பதற்கான காத்திருப்பன்று. மாவு நீரை உறிஞ்சிக் கனப்பதற்கானது. சென்னையின் சித்திரை வெயிலில் அதற்கு மேல் வைப்பதானால் குளிர்பெட்டியில்தான் வைக்க வேண்டும். அங்கே வெண்ணெய் இறுகி மாவு கட்டிப்படும். சுடுமுன் இரண்டு கரண்டி பால் ஊற்றித் தளர்த்திக்கொள்ளலாம். ஒவ்வொரு ஈட்டுக்கும் ஒரு குழிக்கரண்டி மாவு. மூடியின் இடுக்கில் ஆவி பறப்பது அடங்கியதும் திறக்கலாம். முதல் வாஃபிள் ஒட்டிக்கொள்ளும். முதல் தோசையோடு நாற்பது வருடம் போராடியவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

ஐந்து இதய இரும்பு சென்னைக் கடைகளில் எளிதில் அகப்படாது. வெளிநாட்டிலிருந்து வரும் உறவினரின் பெட்டியில் அத்தருக்கும் சாக்லேட்டுக்கும் பதிலாக அதைக் கேட்டு வாங்கலாம். அங்கும் இங்கும் மின்னழுத்தம் 230 வோல்ட்தான். செருகிக்கு மட்டும் ஒரு இடைப்பொருத்தி தேவை. ஆழக் குழி கொண்ட பெல்ஜிய இரும்பு இந்த மாவுக்கு ஆகாது, வெளியே கருகி உள்ளே சேறாக நிற்கும்.

பழுப்புப் பாலாடைக்கட்டிக்கு என்ன செய்வது? அது உண்மையில் பாலாடைக்கட்டி வகையே அல்ல. கட்டி எடுத்தபின் எஞ்சும் தெளிநீரை, அதிலுள்ள பாற்சர்க்கரை பழுக்கும்வரை மணிக்கணக்காகக் காய்ச்சிச் சுண்டவைப்பது. 1863இல் குட்பிரான்ஸ்தால் பள்ளத்தாக்கைச் சேர்ந்த அன்னே ஹோவ் என்ற பெண் அதில் பாலேட்டையும் சேர்த்துக் காய்ச்சி இன்றைய வடிவத்துக்குக் கொண்டுவந்தார். பனீர் செய்தபின் மிஞ்சும் நீரைச் சுண்டவைக்கலாமே என்று தோன்றும். எலுமிச்சை விட்டுத் திரித்த நீர் புளிக்கும், ஆகவே வேண்டாம். நம் திரட்டுப்பாலைச் சர்க்கரை சேர்க்காமல் பழுப்பேறும்வரை கிளறி, இறக்கும்போது துளி உப்பிட்டால் அதன் அண்டை வீட்டுக்கு வந்துவிடலாம். 2013இல் வடநார்வேயின் சுரங்கச் சாலை ஒன்றில் இந்தப் பழுப்புக்கட்டி 27 டன் ஏற்றிவந்த லாரி தீப்பற்றி நாட்கணக்கில் எரிந்தது. கொழுப்பும் சர்க்கரையும் அவ்வளவு செறிந்த பொருள் அது.

இந்தச் சேர்மானத்தில் ஐந்து முட்டை என்ன வேலை செய்கிறது? மஞ்சட்கருவின் லெசித்தின் வெண்ணெயின் கொழுப்பையும் பாலின் நீரையும் பிரியாமல் பிணைக்கிறது. வெள்ளைக்கருவின் புரதம் சூட்டில் உறைந்து, வெளியேறும் ஆவியைச் சற்று நேரம் பிடித்துவைக்கும் ஒரு வலையாகிறது. வாஃபிள் முறியாமல் மடிவது இந்த வலையால்தான். முட்டையை எடுத்துவிட்டால் அந்த இடத்தை மாவுச்சத்தும் பிசினும் சோயாப் புரதமும் கொண்டு நிரப்ப வேண்டும். கிடைப்பது ஒன்று மொறுமொறுவென்றிருக்கும், அல்லது சவசவவென்றிருக்கும். மொறுமொறுப்பை அதிகமாக்கிச் சவசவப்பைச் சாக்லேட்டால் மூடிவிடுவதுதான் கடைக்காரரின் சாமர்த்தியம். சூடு ஆறும் முன் தின்றுவிட வேண்டிய பண்டமாக அது இருப்பதன் ரகசியமும் இதுவே. வாழைப்பழம் மசித்துச் சேர்க்கலாம் என்பார்கள். சேர்க்கலாம், அப்போது அது வாழைப்பழ அப்பம். நல்ல பண்டம்தான், அதற்கு நார்வே வரை போக வேண்டியதில்லை.

இங்கே ஒரு வலுவான மறுப்பு எழும். அதை வலுவாகவே எடுத்துரைக்க விரும்புகிறேன். எந்த உணவுக்கும் புனித மூலவடிவம் கிடையாது. பயணம் செய்யும் உணவு மாறியே தீரும். போர்த்துக்கீசியர் கொண்டுவந்த மிளகாய் இன்றி இன்று நமக்குக் குழம்பில்லை. அப்படியிருக்க முட்டையில்லா வாஃபிளை மட்டும் கண்டிப்பது தூய்மைவாதம் அல்லவா? என்னைத் தூய்மைவாதி என்று சொல்பவர்கள் சுத்த சைவப் பலகையின் கீழே நின்று அதைச் சொல்வது வேடிக்கை. ஆனாலும் பதில் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறேன்.

உணவு இரண்டு வழிகளில் மாறுகிறது. இல்லாமையால் மாறுவது ஒன்று. 1940 முதல் 1945 வரை ஜெர்மானிய ஆக்கிரமிப்பின் கீழ் நார்வேயில் உணவு பங்கீட்டில் கிடைத்தது. இருப்பதை வைத்துச் சமைப்பதன்றி வேறு வழியில்லை. மிஞ்சிய கஞ்சியைக் கூட மாவில் கலந்து வாஃபிள் சுடும் வழக்கம் அந்நாட்டில் உண்டு. அப்படிச் சுட்டவள் எவளும் 'நூறு சதம் முட்டையற்றது' என்று வாசலில் எழுதி வைத்திருக்க மாட்டாள். உடம்புக்கு ஒவ்வாதவர்களுக்காகச் செய்யும் மாற்றமும் இந்த வகையே. குடியிருப்பில் முட்டை ஒவ்வாத ஒரு குழந்தைக்காக நானே தனியாக மாவு கரைத்திருக்கிறேன். இரண்டாவது வகை, விலக்கால் வரும் மாற்றம். நாமக்கல்லில் முட்டை மலையாகக் குவிந்திருக்க, தெருமுனைக் கடையில் அட்டை அட்டையாக அடுக்கியிருக்க, அதைத் தொடுவது தாழ்வு என்ற எண்ணத்தால் நேர்வது. முன்னதை ஏழ்மையின் கற்பனைவளம் என்பேன். பின்னதற்கும் அதே மரியாதையைக் கொடுக்கச் சொல்வது மோசடி.

முட்டை உண்ணாதவரை நான் குறை சொல்லவில்லை. தன் இலையில் என்ன விழவேண்டும் என்று முடிவு செய்ய எவருக்கும் உரிமை உண்டு. என் கேள்வி பொது இலையைப் பற்றியது. முட்டையற்றதை அனைவரும் உண்பர், முட்டை சேர்ந்ததைச் சிலர் உண்ணார்; எனவே வியாபாரி முட்டையற்றதை மட்டும் வைக்கிறார். இது கல்லாப்பெட்டியின் கணக்கு, அதில் வன்மம் இல்லை. ஆனால் இதே கணக்கு கடையை விட்டு வீட்டுக்கும் குடியிருப்புக்கும் கல்விக்கூடத்துக்கும் வரும்போது அதன் பெயர் மாறுகிறது. 2014ஆம் ஆண்டின் மாதிரிப் பதிவு முறை அடிப்படைக் கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டில் 15 வயதுக்கு மேற்பட்டோரில் 97 விழுக்காட்டினருக்கு மேல் அசைவர்கள். அந்தத் தமிழ்நாட்டின் தலைநகரில்தான் முட்டை ஒளித்து உண்ணும் பொருளாகியிருக்கிறது.

மிகையாகச் சொல்வதாக நினைப்பவர்கள் வேளச்சேரியில் வாடகைக்கு வீடு தேடிப் பார்க்கட்டும். பறக்கும் ரயில் 2007இல் இங்கே வந்து சேர்ந்தது. பழைய மாமல்லபுரம் சாலையின் கணினி நிறுவனங்கள் ஆயிரக்கணக்கானோரைக் கொண்டுவந்து கொட்டின. ஏரியும் சதுப்பும் இருந்த இடத்தில் அடுக்குமாடிகள் எழுந்தன. புதிய ஊர் என்றால் பழைய கட்டுகள் தளரும் என்று எதிர்பார்ப்போம். இங்கே வாடகைக்கு என்ற பலகைக்குக் கீழே 'வெஜிடேரியன்ஸ் ஒன்லி' வந்து அமர்ந்தது. நான் வீடு தேடிய நாட்களில் தரகர் என்னிடம் பரிவோடு சொன்னார்: "முட்டை சாப்பிடுவேன்னு மட்டும் வாயத் தொறந்துறாதீங்க சார். ஓட்டைப் பேப்பர்ல சுத்தி வெளிய தெருக்குப்பையில போட்டுக்கலாம்." நல்ல மனிதர். அவர் அறிவுரைப்படி நடப்பவர்கள் இந்த வட்டாரத்தில் எத்தனை பேர் என்று அதிகாலையில் குப்பைத்தொட்டியருகே நின்றால் தெரியும். உணவு குறித்துக் கேட்கப்படும் அந்தக் கேள்வி, நேரடியாகக் கேட்கக் கூசும் மற்றொரு கேள்வியின் முகமூடி என்பதைத் தமிழ் வாசகருக்கு விளக்க வேண்டியதில்லை.

வேளச்சேரியை ஒட்டியே இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தின் வளாகம் இருக்கிறது; வேளச்சேரிப் பக்கம் ஒரு வாயிலும் உண்டு. 2018 டிசம்பரில் அங்கே ஹிமாலயா உணவுக்கூடத்தில் சைவருக்குத் தனி வாயில், தனிக் கைகழுவுமிடம் என்று அறிவிப்புகள் ஒட்டப்பட்டன. மாணவர்கள் எதிர்த்தபின் அகற்றப்பட்டன; உணவு ஒப்பந்தக்காரர் செய்த வேலை என்று விளக்கம் வந்தது. நல்லது. ஒப்பந்தக்காரர் ஒருவருக்குத் தனித் தண்ணீர்க்குழாய் என்ற யோசனை எங்கிருந்து வந்து உதித்தது? அவர் புதிதாக எதையும் கண்டுபிடிக்கவில்லை. நம்மிடம் நூற்றாண்டுகளாகக் கையிருப்பில் இருந்த ஒன்றை எடுத்து ஒட்டினார்.

இந்த இடத்தில் சங்கப் பாடல்களில் ஊன்சோறு வருவதை எடுத்துக்காட்டி வாதாடும் வழக்கமான வேலையைச் செய்யப் போவதில்லை. இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன் யார் என்ன தின்றார்கள் என்பது இன்றைய உரிமைக்கு ஆதாரமாகத் தேவையில்லை. அண்மை வரலாறே போதும். 1982இல் எம்.ஜி.ஆர். விரிவாக்கிய சத்துணவுத் திட்டத்தில் 1989இல் கருணாநிதி அரசு முட்டையைச் சேர்த்தது, முதலில் இரண்டு வாரத்துக்கு ஒன்று. அது படிப்படியாகப் பெருகி 2010இல் வாரத்தின் ஐந்து பள்ளி நாட்களுக்கும் ஐந்து முட்டை என்றானது. முட்டை உண்ணாத பிள்ளைக்கு வாழைப்பழம். அனைவரும் ஒரே வரிசையில், ஒரே நேரத்தில். உண்ணாத ஒருவருக்காக உண்பவர் அனைவரின் தட்டிலிருந்தும் எடுக்காமல், உண்ணாதவருக்கு வேறொன்றைக் கொடுப்பது. அரசாங்கப் பள்ளியின் ஆயாவுக்குத் தெரிந்த இந்த எளிய நாகரிகம் அடுக்குமாடிச் சங்கங்களுக்குத் தெரியவில்லை.

சொற்களையும் பாருங்கள். உணவைக் குறிக்க ஒரு சமயத்தின் பெயரையே வைத்துக்கொண்டிருக்கிறோம். எஞ்சிய பெரும்பான்மை அதன் எதிர்மறை, அசைவம். முன்னால் 'சுத்த' என்ற அடைமொழி. எவரும் அசுத்தம் என்று சொல்லவில்லையே என்பார்கள். சொல்லவே வேண்டாமே, இலக்கணம் பார்த்துக்கொள்ளும். 'மரக்கறி' என்றொரு சொல் ஈழத்தில் புழக்கத்தில் இருக்கிறது. யாரையும் உயர்த்தாமலும் தாழ்த்தாமலும் தட்டில் இருப்பதை மட்டும் சொல்லும் சொல். நாம் அதைக் கைவிட்டது தற்செயலாகத் தெரியவில்லை.

இத்தனைக்கும் வாஃபிளின் ஒன்றுவிட்ட தங்கை நம் பரணில்தான் கிடக்கிறாள். நீண்ட கம்பியின் நுனியில் பூவடிவ அச்சு. சூடான எண்ணெயில் தோய்த்து, மாவில் முக்கால்வாசி முக்கி, மறுபடி எண்ணெயில் இறக்கினால் பூ கழன்று மிதக்கும். நாம் அச்சு முறுக்கு என்கிறோம், கேரளத்தில் அச்சப்பம், இலங்கையில் கொக்கிஸ். நார்வேயில் கிறிஸ்துமஸுக்குச் சுடும் வகைகளில் ஒன்று இதே அச்சில், இதே முறையில் வருகிறது. அங்கே அதன் பெயர் ரொசெட்பக்கெல்ஸ். அவர்களுக்கு மைதாவும் பாலும், நமக்கு அரிசிமாவும் தேங்காய்ப்பாலும். இரண்டுக்கும் பொது முட்டை. கிறிஸ்தவ வீடுகளில் டிசம்பர் மாதம் சுடும் அச்சு முறுக்கைத் தின்றவர்களுக்கு அது பல்லில் பட்டதும் கண்ணாடியாக நொறுங்கும் இலேசு தெரியும். இன்று இனிப்பகங்களில் அடைத்து விற்பதில் முட்டை இல்லை, ஓடு போலக் கடினமாக இருக்கிறது. காரணம் கேட்டால் எல்லோரும் வாங்க வேண்டுமே என்கிறார்கள். எல்லோரும் என்ற அந்தச் சொல்லுக்குள் அதைத் தலைமுறைகளாகச் சுட்டவர்கள் அடங்கவில்லை.

எங்கள் குடியிருப்பில் ஆங்கிலப் புத்தாண்டுக்கு ஆளுக்கொரு பண்டம் கொண்டுவந்து கூடி உண்பது வழக்கம். நார்வேக்காரர் பார்த்தால் டுக்னாட் என்று மகிழ்ந்திருப்பார். இரண்டாண்டுகளுக்கு முன் சங்கத்தின் சுற்றறிக்கையில் ஒரு வரி கூடியது: பொது மேசையில் முட்டை சேர்ந்தவை வேண்டாம், விரும்புவோருக்குத் தனி மேசை. அவ்வாண்டு நான் நாற்பது வாஃபிள் சுட்டு எடுத்துச்சென்றேன். தனி மேசை லிஃப்ட்டின் அருகே, செருப்பு விடும் இடத்தை ஒட்டிப் போடப்பட்டிருந்தது. போட்டவர் வேண்டுமென்று செய்திருக்க மாட்டார். இடம் அங்கேதான் இருந்திருக்கும். குழந்தைகள் அரை மணியில் தட்டைக் காலி செய்துவிட்டார்கள். பொது மேசையிலிருந்த வெட்டுத்துண்டுக் கேக்கில் முட்டை இருந்ததா என்று எவரும் கேட்கவில்லை, அது நல்ல கடையிலிருந்து வந்தது.

வரும் புத்தாண்டுக்கும் இரும்பைத் துடைத்து வைத்திருக்கிறேன். தட்டின் முன் ஒரு அட்டையில் சேர்மானம் முழுவதையும் எழுதி வைப்பதாக இருக்கிறேன்: மைதா, பால், மோர், வெண்ணெய், சர்க்கரை, ஏலம், முட்டை ஐந்து. பக்கத்தில் முட்டை உண்ணாதவர்களுக்கு ஒரு சீப்பு வாழைப்பழம். இரண்டையும் பொது மேசையில்தான் வைக்கப்போகிறேன். சங்கத்துக்கு இதை எழுத்திலேயே கொடுத்துவிட்டேன்.